பாதையை மறித்தல்: மலையகத்திலிருந்து தணிக்கையைப் பார்க்கும்போது

ஒவ்வொரு வருடமும் மே 3ஆம் திகதி உலக பத்திரிகைச் சுதந்திர தினம். அதையொட்டி எல்லைகளற்ற நிருபர்கள் அமைப்பு 180 நாடுகளை வரிசைப்படுத்தி ஒரு பட்டியல் வெளியிடுகிறது. 2024இல் இலங்கைக்கு 150ஆம் இடம், 2025இல் 139ஆம் இடம். ஊடகவியலாளர் பாதுகாப்புக் குழு என்ற இன்னோர் அமைப்பு சிறையில் இருப்பவர்களையும் கொல்லப்பட்டவர்களையும் கணக்கெடுக்கிறது. 2024 டிசம்பர் முதலாம் திகதி உலகம் முழுக்க 361 ஊடகவியலாளர்கள் சிறையில் இருந்தார்கள். அதே ஆண்டில் குறைந்தது 124 பேர் கொல்லப்பட்டார்கள். அவர்களில் 85 பேரின் மரணத்துக்கு இஸ்ரேலிய இராணுவமே பொறுப்பு என்று அந்தக் குழு எழுதியது. இறந்தவர்களில் பெரும்பாலானோர் பலஸ்தீனர்கள்.

இந்தக் கணக்குகள் இல்லையென்றால் பல பெயர்கள் எவருக்கும் தெரியாமலே போயிருக்கும். அந்த வகையில் அவை அவசியம். ஆனாலும் ஹட்டன் பக்கம் பிறந்து வளர்ந்த ஒருவன் என்ற முறையில் எனக்கு இவற்றில் ஒரு குறை தெரிகிறது. எழுதியவரைப் பிடித்தார்களா, அச்சகத்தை மூடினார்களா, புத்தகத்தைத் தடை செய்தார்களா என்றே இவை பெரும்பாலும் கேட்கின்றன. எழுதியது யாருக்காக எழுதப்பட்டதோ அவரிடம் போய்ச் சேர்ந்ததா, யார் கை வழியாகப் போனது, போகும் வழியில் என்ன ஆனது என்ற கேள்வி பின்னுக்குப் போய்விடுகிறது.

தடை, சிறை என்ற இரண்டு அளவுகோலை மட்டும் வைத்துக்கொண்டு மலையகத்தின் 200 வருடங்களைப் பார்த்தால் கண்ணில் படுவது கொஞ்சம்தான். அதை வைத்து அங்கே சுதந்திரம் இருந்தது என்று யாராவது சொல்லுவாங்களா? சொல்ல மாட்டாங்க. அங்கே சொல்லை அடக்கியவர்களுக்குத் தடை உத்தரவு அவ்வளவாகத் தேவைப்படவில்லை. சொல் போகிற பாதையை மறித்தார்கள், அதுவே போதுமாக இருந்தது. இந்த அனுபவத்தை வைத்து, அண்மையில் எங்கள் சமூகத்து எழுத்தாளர்களுக்கு நேர்ந்ததையும், எங்கள் சமூகமே சில எழுத்தாளர்களுக்குச் செய்ததையும் சேர்த்துப் பார்ப்பதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

கேற்றுக்கு உள்ளே

தோட்டம் என்பது வெள்ளைக்காரன் காலத்தில் தனியார் நிலம். லயம், லயத்துக்கு ஏறும் ரோட்டு, கொழுந்து மடுவம், கோயில் எல்லாமே துரையின் எல்லைக்குள் இருந்தன. வெளியார் ஒருவர் உள்ளே கால் வைத்தால் அத்துமீறல் என்று வழக்குப் போடலாம். கூட்டம் வைக்க வேண்டுமென்றால் டவுனுக்குத்தான் வர வேண்டும். ஆக, தொழிலாளியின் வாயைக் கட்ட வேண்டும் என்று எந்தச் சட்டத்திலும் எழுதாமலே, அவருடைய காதுக்கு எது போக வேண்டும், எது போகக் கூடாது என்பதைத் துரைமார் தீர்மானித்துக்கொண்டார்கள்.

இதைச் சரியாகப் புரிந்துகொண்டவர் கோ. நடேசய்யர். தஞ்சாவூரிலிருந்து வந்த இவர், தோட்டத்து நிலைமையை நேரில் பார்க்கப் புடவை வியாபாரி வேடத்தில் உள்ளே போனார் என்பது மலையக வரலாறு படித்தவர்கள் அறிந்த செய்தி. அதை ஒரு சாகசக் கதையாகவே நாம் சொல்லிச் சொல்லிப் பழகிவிட்டோம். ஏன் புடவை வியாபாரி என்று கேட்பதில்லை. அந்தக் காலத்தில் துணி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு லயம் லயமாக ஏறி இறங்கியவர்களில் எங்கட ஆக்களும் இருந்தார்கள். சாரமும் சேலையும் விற்க வருகிறவருக்கு கேற் திறந்தது. அவரால் துரைக்கு நட்டம் ஏதும் இல்லை. பத்திரிகைக்காரருக்கு அதே கேற் மூடியது. உள்ளே துணி போகலாம், செய்தி போகக் கூடாது. நடேசய்யர் எடுத்த வேடத்திலேயே அன்றைய தணிக்கையின் விதி முழுக்க அடங்கியிருக்கிறது.

அவர் 1921இல் ‘தேசநேசன்’ பத்திரிகையைத் தொடங்கினார், 1924இல் ‘தேசபக்தன்’. 1931இல் ஹட்டனில் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்தார். ஆனால் பத்திரிகை அச்சாகிவிட்டால் மட்டும் போதாது, அது லயத்துக்குப் போக வேண்டும். போனாலும் அதை வாசிக்கத் தெரிந்தவர் வேண்டும். பெரும்பாலானவர்களுக்கு எழுத்துத் தெரியாத காலம் அது. இங்கேதான் அவருடைய மனைவி மீனாட்சியம்மையின் பங்கு வருகிறது. அவர் தொழிலாளர் நிலைமையைப் பாட்டாக்கிக் கூட்டங்களில் பாடினார். அந்தப் பாடல்கள் 1940இல் ‘இந்தியர்களது இலங்கை வாழ்க்கையின் நிலைமை’ என்ற பெயரில் சிறு நூலாகவும் வந்தன. அச்சிட்ட தாளை கேற்றில் பறிக்கலாம். பாட்டைப் பறிக்க முடியாது. நாவலப்பிட்டியில் கேட்டவர் மஸ்கெலியாவுக்குப் போய்க் கொழுந்து மலையில் பாடலாம்.

மீனாட்சியம்மையின் பாடல்களை எங்கள் விமர்சகர்கள் பெரும்பாலும் பிரசாரப் பாட்டு என்று சொல்லி இரண்டு வரியில் கடந்துவிடுகிறார்கள். அவற்றின் எளிமையைக் குறையாகச் சொல்பவர்கள், அந்த எளிமை எதற்காக வந்தது என்பதை யோசிக்க வேண்டும். அச்சுத் தாள் போக முடியாத இடத்துக்கு, மனப்பாடமாக, வாய் வழியாகப் போக வேண்டிய எழுத்து அது. அதன் வடிவத்தைத் தீர்மானித்ததில் கவிஞரின் ரசனைக்கு இருந்த பங்கு போலவே கேற்றுக்கும் பங்கு இருந்தது. தணிக்கை எழுத்தை அழிப்பதோடு நிற்பதில்லை, எழுத்தின் உருவத்தையும் மாற்றுகிறது. மலையக இலக்கியத்தை மதிப்பிடும் எவரும் இதைக் கணக்கில் எடுக்காமல் நியாயமான தீர்ப்புச் சொல்ல முடியாது.

தபாலையும் இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். பல லயங்களுக்கு இன்றும் தனி முகவரி கிடையாது. கடிதம் தோட்டக் காரியாலயத்துக்கு வந்து, அங்கிருந்துதான் ஆளிடம் போக வேண்டும். நேர்முகப் பரீட்சைக்கு வரச் சொன்ன கடிதம் பரீட்சை முடிந்த பிறகு கைக்கு வந்த கதைகள் மலையகத்தில் ஏராளம். ஹட்டன் பஸாரில் எங்கள் கடை முகவரியைக் கொடுத்துக் கடிதம் வரவழைத்த தோட்டத்து ஆட்களை எனக்குத் தெரியும். மாதச் சாமான் வாங்க வரும்போது, “நானா, எனக்குக் காயிதம் ஏதும் வந்திருக்கா?” என்று கேட்பார்கள். கடன் கொப்பிக்குப் பக்கத்திலேயே அந்தக் கடிதங்களும் கிடக்கும். பேசும் உரிமையைப் பற்றி எவ்வளவோ எழுதுகிறோம். தனக்கு எழுதப்பட்டதை மற்றவர் கை படாமல் பெறும் உரிமையும் அதன் மறுபாதிதான்.

ஒரு துரைக்குக் கிடைத்த தீர்ப்பு

மலையகத்துக் கருத்துச் சுதந்திரம் என்றதும் வரலாற்று நூல்கள் 1937ஆம் ஆண்டுக்குப் போகும். மார்க் அந்தனி பிரேஸ்கேர்டில் அவுஸ்திரேலியாவிலிருந்து வந்த இளைஞர். மடுல்கல பக்கத்தில் ரெலுகாஸ் தோட்டத்தில் சின்னத்துரை வேலை பழகினார். தொழிலாளர் பக்கம் சாய்கிறார் என்று தெரிந்ததும் வேலை போனது. லங்கா சமசமாஜக் கட்சியில் சேர்ந்தார். 1937 ஏப்ரல் 3ஆம் திகதி நாவலப்பிட்டியில் நடந்த கூட்டம் ஒன்றில், இந்தியாவிலிருந்து வந்திருந்த கமலாதேவி சட்டோபாத்யாயவோடு மேடையேறித் தோட்டத் துரைமாரைத் தாக்கிப் பேசினார். ஒரு வெள்ளைக்காரர், வெள்ளைக்காரரின் கணக்கு வழக்கைத் தொழிலாளர் முன்னால் எடுத்து வைப்பதைத் துரைமாரால் தாங்க முடியவில்லை.

ஏப்ரல் 22ஆம் திகதி ஆளுநர் ஸ்டப்ஸ் அவரை நாடு கடத்த உத்தரவிட்டார். கொடுத்த அவகாசம் 48 மணி நேரம். பிரேஸ்கேர்டில் தலைமறைவானார். மே 5ஆம் திகதி அரசாங்க சபை ஆளுநரைக் கண்டித்துப் பெரும்பான்மை வாக்கால் தீர்மானம் நிறைவேற்றியது. பிறகு அவர் பிடிபட்டு, ஆட்கொணர்வு மனு மூலம் உயர் நீதிமன்றத்துக்குக் கொண்டுவரப்பட்டார். எச்.வி. பெரேரா வாதாடினார். மே 18ஆம் திகதி, பிரதம நீதியரசர் ஏப்ரகாம்ஸ் தலைமையிலான மூன்று நீதியரசர்கள் ஆளுநரின் உத்தரவு செல்லாது என்று அவரை விடுதலை செய்தார்கள்.

நல்ல தீர்ப்புத்தான். எங்கள் நாட்டுச் சுதந்திரப் போராட்டத்தின் பெருமைக்குரிய பக்கங்களில் ஒன்று. ஆனால் அந்தப் பக்கத்தை வாசிக்கும்போது எனக்கு இன்னொரு ஆளைப் பற்றிய நினைப்பு வருகிறது. அதே கூட்டத்தில், துரை பேசியதற்குக் கைதட்டி, மறுநாள் பெரட்டுக் களத்தில் அதையே திருப்பிச் சொன்ன ஒரு தொழிலாளி இருந்திருந்தால் அவருக்கு என்ன நடந்திருக்கும்? ஆளுநரின் உத்தரவு எதற்கு? பற்றுச்சீட்டைக் கையில் கொடுத்தால் முடிந்தது. வேலையோடு லயத்து அறையும் போய்விடும். பொஞ்சாதி பிள்ளைகள், சட்டி பானை எல்லாம் ரோட்டுக்கு வந்துவிடும். அதற்கு மனு இல்லை, சட்டத்தரணி இல்லை, சட்ட அறிக்கைகளில் அச்சாகும் தீர்ப்பும் இல்லை.

ஆகவே பதிவாகிய வழக்குகளை மட்டும் எண்ணி ஒரு நாட்டின் பேச்சுச் சுதந்திரத்தை அளக்கும்போது, நீதிமன்றம் வரை போகக்கூடியவர்களின் சுதந்திரத்தைத்தான் அளக்கிறோம். அதற்குக் கீழே இருப்பவரின் வாயடைப்பு எந்தக் கோப்பிலும் வருவதில்லை. பிரேஸ்கேர்டிலின் பெயர் எங்களுக்குத் தெரியும். பற்றுச்சீட்டு வாங்கியவர்களின் பெயர்கள் தெரியாது.

எது அச்சில் வந்தது?

மு. நித்தியானந்தனின் ‘கூலித்தமிழ்’ (2014) மலையகத்தின் ஆரம்பகால அச்சு நூல்களைத் தேடிப் பிடித்து ஆராய்ந்த முக்கியமான புத்தகம். 1869இல் வந்த ‘கோப்பிக் கிருஷிக் கும்மி’ பற்றி அதில் விரிவாக வருகிறது. ஆபிரகாம் ஜோசப் என்பவர் எழுதிய அந்தக் கும்மி, கோப்பிப் பயிர்ச்செய்கையையும் துரைமாரையும் உயர்த்திப் பாடுவது. அதே காலத்தில் தொழிலாளர் தங்களுக்குள் பாடிய பாட்டுகள் கங்காணியையும் துரையையும் திட்டின, கடலைத் தாண்டிக் கூட்டிவந்தவர்களைச் சபித்தன. கும்மி 1869இலேயே அச்சேறிவிட்டது. தொழிலாளர் பாட்டுகள் நூலாவதற்குக் காத்திருந்த காலம் கொஞ்ச நஞ்சமல்ல. சி.வி. வேலுப்பிள்ளை சேகரித்த ‘மலைநாட்டு மக்கள் பாடல்கள்’ வந்தது 1983இல். இடையில் ஒரு நூற்றாண்டுக்கு மேல்.

அந்தப் பாட்டுகளை யாரும் தடை செய்யவில்லை. அச்சகமும் காசும் எழுத்தறிவும் ஒரு பக்கம் மட்டும் இருந்தால் தடை எதற்கு?

சி.வி. வேலுப்பிள்ளையின் வாழ்க்கையிலேயே இதன் அரசியல் முகமும் தெரியும். 1947 தேர்தலில் தலவாக்கலையிலிருந்து பாராளுமன்றத்துக்குத் தெரிவான கவிஞர் அவர். அந்த முறை மலையகத்திலிருந்து இலங்கை இந்தியக் காங்கிரஸ் சார்பில் ஏழு பேர் போனார்கள். மறு வருடம், 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. அவர்களைத் தெரிவு செய்த மக்களில் மிகப் பெரும்பாலானோர் நாடற்றவர்களானார்கள், வாக்கும் போனது. 1952 தேர்தலுக்குப் பிறகு, 1977இல் சௌமியமூர்த்தி தொண்டமான் நுவரெலியாவில் வெல்லும் வரை தோட்ட மக்கள் தெரிவு செய்த ஒருவர் பாராளுமன்றத்தில் இல்லை. பேசக் கூடாது என்று அந்தச் சட்டம் எங்கும் சொல்லவில்லை. நீ பேசுவதைக் கேட்க எங்களுக்குக் கடமை இல்லை என்று மட்டும் சொல்லியது.

வாசிப்பவர் பொலிஸ் என்றால்

வெள்ளைக்காரத் துரைமார் போனார்கள். தோட்டங்கள் அரசுக்கு வந்து, மறுபடி கம்பனிகளின் கைக்குப் போயின. சொல்லின் பாதையை மறிக்கும் பழக்கம் மட்டும் போகவில்லை. கடந்த சில வருடங்களில் அது எங்கள் சமூகத்துக்கு நேரே வந்து நின்றது. இம்முறை மறித்தவர் கேற்காவலர் அல்ல, ஒரு குறிப்பிட்ட வகையான வாசகர்.

கவிஞர் அஹ்னாப் ஜஸீமின் வழக்கு வாசகர்களுக்கு நினைவிருக்கும். மன்னார் சிலாவத்துறையைச் சேர்ந்த இளைஞர், புத்தளத்தில் ஆசிரியராக இருந்தவர். 2017இல் வந்த அவருடைய ‘நவரசம்’ கவிதைத் தொகுதி தீவிரவாதத்தைப் பரப்புகிறது என்று சொல்லி 2020 மே 16ஆம் திகதி பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் கைது செய்தார்கள். ஏறத்தாழ 19 மாதம் கழித்து 2021 டிசம்பரில் பிணை கிடைத்தது. 2023 டிசம்பரில் புத்தளம் மேல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. அந்தத் தொகுதியிலேயே வன்முறையையும் தீவிரவாதத்தையும் கண்டிக்கும் கவிதைகள் இருக்கின்றன என்று தமிழ் தெரிந்தவர்கள் தொடக்கத்திலிருந்தே சொல்லிக்கொண்டிருந்தார்கள். ஆனால் விசாரணையின் மேசைக்குக் கவிதை போனது சிங்கள மொழிபெயர்ப்பின் வழியாக.

நூலின் பெயரையே எடுத்துக்கொள்வோம். நவரசம் என்றால் ஒன்பது சுவை. அதில் கோபமும் வீரமும் அச்சமும் அருவருப்பும் அடக்கம். தொல்காப்பியம் சொல்லும் எட்டு மெய்ப்பாடுகளில் வெகுளியும் ஒன்று. அப்படிப் பெயர் வைத்த தொகுதியில் கோபம் இருந்தால் அது இலக்கணம். கவிதையில் பேசுகிறவர் எப்போதும் கவிஞர்தான் என்று எடுத்துக்கொண்டால், மேடையில் யஸீதாக நடித்தவரைப் பிடித்து கர்பலாவுக்குக் கணக்குக் கேட்பது போலாகும். இதைத் தமிழ்ப் பாடம் படித்த சாதாரண தர மாணவர் அறிவார். விசாரிக்கும் அதிகாரி அறிந்திருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. எல்லா அதிகாரமும் கையில் உள்ள ஒருவர் அறியாமல் வாசித்ததன் விலை ஓர் இளைஞனின் 19 மாதம்.

கண்டிப் பக்கமும் இதே கதைதான். கட்டுகஸ்தோட்டையைச் சேர்ந்த ஓய்வுபெற்ற அரச உத்தியோகத்தர் ரம்ஸி ராஸிக், 2020 ஏப்ரலில் ஒரு முகநூல் பதிவுக்காகக் கைதானார். சிங்களத்தில் எழுதிய அந்தப் பதிவில் ‘ஜிஹாத்’ என்ற சொல் இருந்தது. அது சிந்தனைப் போராட்டம், அதன் ஆயுதம் பேனாவும் கீபோர்டும் என்ற கருத்தும் அதே பதிவிலேயே இருந்தது. செப்டம்பர் வரை சிறையில் இருந்தார். 2023 நவம்பரில் உயர் நீதிமன்றம் அவருடைய அடிப்படை உரிமைகள் மீறப்பட்டதாகத் தீர்ப்பளித்து நட்டஈடு வழங்க உத்தரவிட்டது. ஒரு சொல்லை மட்டும் பிய்த்தெடுத்து, பக்கத்தில் இருந்த விளக்கத்தை விட்டுவிட்டு வாசித்தார்கள் என்பதே இதன் சாரம்.

சொல்லே இல்லாத இடத்திலும் இப்படி வாசித்திருக்கிறார்கள். 2019 மே மாதம், ஈஸ்டர் தாக்குதலுக்குப் பிந்திய நாட்களில், கண்டி மாவட்டத்து ஹசலகவில் ஒரு முஸ்லிம் பெண் உடுத்தியிருந்த உடுப்பில் கப்பல் சுக்கான் படம் இருந்தது. அதைத் தர்மச்சக்கரம் என்று சொல்லிக் கைது செய்தார்கள். வாரக்கணக்கில் விளக்கமறியலில் இருந்தார். அவருக்கும் பிறகு உயர் நீதிமன்றத்தில் நட்டஈடு கிடைத்தது.

இது முஸ்லிம்களுக்கு மட்டும் நடந்ததும் அல்ல. ‘அர்த’ என்ற சிங்களச் சிறுகதைக்காக சக்திக சத்குமார 2019 ஏப்ரலில் கைதாகி நான்கு மாதம் சிறையில் இருந்தார். அவர்மீது பயன்படுத்தியது 2007ஆம் ஆண்டின் 56ஆம் இலக்க ஐ.சி.சி.பி.ஆர். சட்டம். குடியியல், அரசியல் உரிமைகள் பற்றிய சர்வதேச உடன்படிக்கையை நடைமுறைப்படுத்தக் கொண்டுவந்த சட்டம் அது. அதன் 3ஆம் பிரிவு வெறுப்புப் பேச்சைத் தடுக்க வந்தது. அதே பிரிவு கதாசிரியரைப் பிடிக்கவும் உதவியது.

வெறுப்புப் பேச்சு என்றதும் எங்கள் வாசகர்கள் நியாயமாக ஒரு கேள்வி கேட்பார்கள். 2018 மார்ச்சில் திகனையிலும் தெல்தெனியவிலும் கடைகளும் பள்ளிவாசல்களும் எரிந்தபோது தீயை மூட்டியதில் முகநூலுக்குப் பங்கு இருந்தது. அந்தக் கம்பனியே 2020இல் அதற்கு மன்னிப்புக் கேட்டது. அப்படியிருக்க, கட்டுப்பாடே வேண்டாம் என்று நாம் சொல்லலாமா? சொல்ல முடியாது. ஆளைக் கொல்லத் தூண்டுவது கருத்து அல்ல. ஆனால் அந்த நாட்களில் என்ன நடந்தது என்பதையும் மறக்கக் கூடாது. சிங்களத்தில் வந்த வெறுப்புப் பதிவுகளைப் பற்றிய முறைப்பாடுகள் எடுபடாமல் கிடந்தன. பிறகு மார்ச் 7ஆம் திகதி முகநூல், வட்ஸ்அப், வைபர் எல்லாவற்றையும் ஒரேயடியாக நிறுத்தினார்கள். அடிக்க வந்தவர்களோடு சேர்த்து, எங்கே இருக்கிறாய் என்று பிள்ளையைக் கேட்க நினைத்த உம்மாவின் வாயும் அடைபட்டது. 2024ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நிகழ்நிலைப் பாதுகாப்புச் சட்டம் வந்தபோது, எது பொய், எது தீங்கு என்று தீர்மானிக்கும் அதிகாரத்தை ஐந்து பேர் கொண்ட ஆணைக்குழுவுக்குக் கொடுத்தது. இந்த அதிகாரம் எந்தப் பக்கம் திரும்பும் என்பதை அஹ்னாபின் வழக்கைப் பார்த்த பிறகும் நாம் ஊகிக்க வேண்டியதில்லை.

எங்கட கேற்

இதுவரை சொன்னதில் வாசகர்கள் பலர் என்னோடு உடன்படுவார்கள். இனிச் சொல்லப்போவது அவ்வளவு இலேசானதல்ல. முழுக்க வாசிக்காமல், ஒரு சொல்லைப் பிய்த்தெடுத்து, எழுதியவரின் விளக்கத்தைக் கேளாமல் தீர்ப்புச் சொல்லும் பழக்கம் பொலிஸுக்கு மட்டும் உரியதா?

ஏறாவூரைச் சேர்ந்த ஸர்மிளா ஸெய்யித் 2012 நவம்பரில் பி.பி.சி. தமிழோசைக்குக் கொடுத்த பேட்டியில் பாலியல் தொழிலாளர் பற்றி ஒரு கருத்துச் சொன்னார். அந்தக் கருத்தோடு எனக்கும் உடன்பாடு இல்லை. ஆனால் அதற்குக் கிடைத்தது மறுப்பு அல்ல, மிரட்டல். ஊரைவிட்டுப் போக வேண்டிய நிலை வந்தது. 2014இல் ‘உம்மத்’ நாவல் வந்தபோது அதைத் தூற்றியவர்களில் எத்தனை பேர் புத்தகத்தைக் கையில் எடுத்தார்கள் என்று கேட்டால் பதில் சொல்ல வெட்கமாக இருக்கும். 2015இல் அவர் கொல்லப்பட்டுவிட்டதாகப் பொய்ப் படத்தோடு இணையத்தில் செய்தி பரப்பும் அளவுக்குப் போனது.

கடலுக்கு அந்தப் பக்கத்திலும் இதே நிலைதான். கன்னியாகுமரி மாவட்டத்துத் தக்கலையில் கவிஞர் ஹெச்.ஜி. ரசூலை, ஒரு கட்டுரைக்காக, 2007இல் ஜமாஅத் ஊர்விலக்கம் செய்தது. தக்கலை என்பது பீர்முகம்மது அப்பா அடங்கியிருக்கும் ஊர். அவருடைய ஞானப்புகழ்ச்சியை வருடந்தோறும் விடிய விடியக் கூடியிருந்து பாடும் ஊர். சூபிக் கவியின் துணிச்சலான சொல்லைத் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றிய ஊரே, தன் காலத்துக் கவிஞர் ஒருவரின் எழுத்துக்கு மறுப்பு எழுதாமல், அவரோடு கொடுக்கல் வாங்கலை நிறுத்தியது.

ஊர்விலக்கத்துக்கும் பற்றுச்சீட்டுக்கும் என்ன வித்தியாசம்? இரண்டிலும் எழுத்துக்குப் பதில் எழுத்து வரவில்லை, வாழ்க்கையில் கை வைத்தார்கள். இரண்டுக்கும் மேல்முறையீடு செய்வது கஷ்டம். இரண்டையும் பார்த்த மற்றவர்கள், எதற்கு வம்பு என்று பேசாமல் இருந்துவிடுவார்கள். அந்தப் பேசாமைதான் உண்மையான நோக்கம்.

எங்கள் மரபில் இதற்கு முன்மாதிரி இல்லை என்று யாரும் சொல்ல வேண்டாம். குர்ஆன் படைக்கப்பட்டது என்று ஒப்புக்கொள்ளச் சொல்லி அப்பாஸிய ஆட்சி நடத்திய மிஹ்னாவில் கசையடி பட்டவர் இமாம் அஹ்மத் இப்னு ஹன்பல். அதிகாரம் விரும்பியதைச் சொல்ல மறுத்ததற்காகவே அவரை இன்றும் போற்றுகிறோம். இமாம் கஸ்ஸாலி தத்துவஞானிகளை மறுக்க நினைத்தபோது, முதலில் அவர்கள் சொல்வது என்ன என்பதை ‘மகாஸித்’ என்ற தனி நூலாகவே எழுதினார். அதற்குப் பிறகுதான் ‘தஹாஃபுத்’ என்ற மறுப்பு. அந்த மறுப்புக்கு இப்னு ருஷ்து இன்னொரு நூலால் பதில் சொன்னார். நூலுக்கு நூல். எதிராளியின் வாதத்தை அவரைவிடத் தெளிவாகச் சொல்லிவிட்டு மறுப்பதே ஆலிமின் மதிப்பு. இதே மரபில்தான் 1195இல் இப்னு ருஷ்தை நாடு கடத்தி அவருடைய நூல்களை எரித்ததும் நடந்தது. எரிக்கச் சொன்ன ஆட்சியாளரைத் தேடிப் படிப்பவர் இன்று குறைவு. இரண்டு வழியும் எங்கள் வரலாற்றில் இருக்கின்றன. எதை எடுப்பது என்பது எங்கள் பொறுப்பு.

நாம் செய்யக்கூடியவை

முதலாவது, வாசிக்காத நூலைப் பற்றித் தீர்ப்புச் சொல்லாதிருப்பது. வந்த செய்தியை விசாரித்துத் தெளியச் சொல்லும் மார்க்கத்தில் இருக்கிறோம். வட்ஸ்அப்பில் வந்த ஒரு பக்கத்துப் படம் ஒரு நாவல் ஆகாது. பள்ளிவாசல் நிருவாகமோ உலமாக்களோ ஓர் எழுத்தைப் பற்றி முறைப்பாடு பெற்றால், நூலை முழுக்க வாசித்த இருவரையாவது வைத்து, எழுதியவரையும் அழைத்துக் கேட்ட பிறகு பேசட்டும்.

இரண்டாவது, மறுப்புக்கு இடம் கொடுப்பது. எங்கள் சஞ்சிகைகள் சர்ச்சைக்குரிய எழுத்தைக் கண்டால் ஒதுங்குகின்றன, அல்லது மறுப்பை மட்டும் போடுகின்றன. மூலக் கருத்தும் மறுப்பும் பதிலும் அடுத்தடுத்து வந்தால் வாசகர் தானே முடிவுக்கு வருவார். அந்த நம்பிக்கை வாசகர் மேல் இல்லையென்றால், லயத்து ஆட்களுக்குப் பத்திரிகை எதற்கு என்று கேட்ட துரைக்கும் எங்களுக்கும் வித்தியாசம் இல்லை.

மூன்றாவது, மொழிபெயர்ப்பு. மலையகம் மூன்று மொழியும் பக்கத்தில் பக்கத்தில் புழங்கும் இடம். மாத்தளைப் பண்ணாமத்துக் கவிராயர் வெளியுலகக் கவிதைகளைத் தமிழுக்குக் கொண்டுவந்தார். தமிழிலிருந்து சிங்களத்துக்குப் போகும் பாதையில் அந்த அளவு ஆட்கள் இல்லை. ஹட்டனிலும் கண்டியிலும் மாத்தளையிலும் சிங்கள மொழியில் படித்த எங்கள் பிள்ளைகள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். தமிழ்க் கவிதையும் கதையும் நல்ல சிங்களத்தில், நல்ல சிங்களச் சஞ்சிகைகளில் தொடர்ந்து வந்திருந்தால், அஹ்னாபின் தொகுதி பொலிஸ் மேசைக்குப் போன நாளில் அதைத் தெரிந்த சிங்கள எழுத்தாளர்கள் பலர் பேசியிருப்பார்கள். ஒரு தமிழ்க் கவிதையின் முதல் சிங்கள வாசகர் விசாரணை அதிகாரியாக இருக்கும் நிலையை மாற்றுவதற்கு அரசாங்கத்தின் அனுமதி தேவையில்லை. அதற்கு வேண்டிய ஆட்கள் எங்கள் வீடுகளிலேயே இருக்கிறார்கள்.